சோறு கிடையாது, டீ மட்டும்

"வரட்டும். டீ குடிக்கட்டும். போகட்டும். சோறு மட்டும் இந்த வீட்ல கிடையாது" என்று என் கணவர் சொல்லிவிட்டு, பேப்பரை விரித்து முகத்தை மறைத்துக்கொண்டார்.

அதற்கு என்ன அர்த்தம் என்று எனக்கும் தெரியும், என் மகளுக்கும் தெரியும். எங்கள் பக்கத்தில் பெண் பார்க்க வருகிறவர்கள், சம்பந்தம் முடிவாகும்வரை அந்த வீட்டில் கை நனைக்க மாட்டார்கள். காபி குடிப்பார்கள், பஜ்ஜி கேசரி தின்பார்கள், இலை போட்டுச் சோறு தின்ன மாட்டார்கள். சோறு தின்றால் சம்மதம். இந்து வீட்டிலும் சரி, எங்களைப் போன்ற வேதக்கார வீட்டிலும் சரி, இதில் வித்தியாசம் கிடையாது. வழக்கமாக இந்த வீம்பு மாப்பிள்ளை வீட்டாருக்குத்தான். என் கணவர் அதைத் திருப்பிப் போட்டுத் தன் கையில் எடுத்துக்கொண்டார்.

வரப்போகிறவர்கள் என் மகள் கட்டிக்கொள்ள நினைத்த பையனின் அப்பா அம்மா. மகள் கனடாவில், மாண்ட்ரியலில் படித்துவிட்டு அங்கேயே ஒரு ஆஸ்பத்திரி பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்க்கிறாள். பையன் அவளோடு வேலை செய்கிறவன். அவனுடைய அப்பா அங்கே பிரெஞ்சு பேசுகிற கியூபெக்கில் ஒரு கிராமத்துக்காரர். ஞானஸ்நானம் வாங்கியதோடு கோயிலுக்குப் போவதை நிறுத்திக்கொண்டவர். அம்மா வங்காளதேசத்தில் பரிசால் பக்கம் பிறந்தவர், முஸ்லிம், ஐந்து வேளை இல்லாவிட்டாலும் தொழுகிறவர். பையன் எதிலும் சேர்த்தியில்லை. என் கணவரோ ஞாயிறு பூசையில் வாசகம் படிக்கிறவர். போட்டோவைக் காட்டியபோது அவர் பையனைப் பார்க்கவேயில்லை, பின்னால் சுவரில் சிலுவை இருக்கிறதா என்றுதான் பார்த்தார்.

மகள் கத்தவில்லை, அழவில்லை. "பப்பா சரின்னு சொன்னா இங்க கோயில்ல வச்சுக்கலாம். இல்லன்னா அங்கயே ரிஜிஸ்டர் பண்ணிக்கிறோம். அப்புறம் நான் இந்த வீட்டுக்கு எதுக்கு வரணும்னு எனக்குத் தெரியல" என்று, கரண்ட் பில் கட்டுவதைப் பற்றிச் சொல்வது போலச் சொன்னாள். அப்பனைக் கொண்டு பிறந்தவள். சொன்னால் செய்வாள். ஞாயிற்றுக்கிழமை அவளுக்கு விமானம். பையனுக்கு லீவு கிடைக்கவில்லை. இந்தியா சுற்றிப் பார்க்க வந்த அவன் பெற்றோர் எங்கள் பாண்டிச்சேரியில் தங்குவதோ ஒரே ஒரு நாள். அதனால் அந்த வெள்ளிக்கிழமை சாயங்காலம்தான் எல்லாம்.

எனக்குக் கோபம் மூக்கு நுனியில் நிற்கும். பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சராக இருந்து பிள்ளைகளை அதட்டியே பழகிய தொண்டை. சோறுதானே போடக்கூடாது, டீ என்றால் என்ன டீ என்று காட்டுகிறேன் என்று வரிந்து கட்டிக்கொண்டேன். அந்த அம்மாவின் ஊர் பலகாரமும் அந்த ஐயாவின் ஊர் பலகாரமும் ஒரே மேசையில், முடிந்தால் ஒரே தட்டில் இருக்க வேண்டும் என்று முடிவு செய்தேன். அவர்கள் வீட்டில் அப்படித்தானாம். மகள் சொல்லச் சொல்ல எனக்கு ஆசை வந்தது.

அவள் பெட்டியில் அந்த ஊர் மேப்பிள் மரத்துப் பாகு ஒரு டின் கொண்டுவந்திருந்தாள். அது ஒன்றுதான். கொட்டினால் போச்சு, கருகினால் போச்சு, இந்த ஊரில் ஓடிப்போய் வாங்க முடியாது. திறந்து நக்கிப் பார்த்தேன். பனைவெல்லப் பாகில் லேசாகப் புகை ஏறினது போல இருந்தது. இது போதும் என்று தைரியம் வந்தது.

பன்றிதான் என்னுடைய முதல் பயம். எங்கள் வீட்டில் பெருநாள் என்றால் பன்றிக்கறி, என் கடாய்கள் அத்தனையும் அதில் வெந்தவை. கியூபெக்கிலும் பன்றி இல்லாமல் கார பலகாரமே கிடையாது போலிருக்கிறது, ரொட்டியில் தடவுவதில்கூடப் பன்றி என்றாள் மகள். அதெல்லாம் வேண்டாம், இனிப்பு மட்டும் அந்த ஊருடையதாக இருக்கட்டும் என்றேன். புதுக் கடாய் வாங்கினேன், புதுச் சட்டி பானை, புதுக் கரண்டி, புதுத் தட்டு, புது எண்ணெய். பழைய பாத்திரங்களை மூட்டை கட்டி மாடிக்கு ஏற்றினேன். அவ்வளவு ஜாக்கிரதை.

காலையிலிருந்து அடுப்படியில்தான் இருந்தேன். மைசூர் பருப்பை ஊறவைத்துக் கொரகொரவென்று அரைத்து, வெங்காயமும் பச்சைமிளகாயும் அள்ளிப் போட்டுப் பிசைந்து பியாஜுவுக்கு வைத்தேன். நம் மசால்வடைக்குத் தங்கைதான் அது, இன்னும் மெலிசு, இன்னும் மொறுமொறுப்பு. அரிசிமாவும் மைதாவும் ரவையும் பாலில் கரைத்து மெல்லிசாகத் தோசை வார்த்து, உள்ளே தேங்காய்ப் பூரணம் வைத்துச் சுருட்டினால் பாட்டிசாப்டா. பூரணத்தை வெல்லத்துக்குப் பதிலாக மேப்பிள் பாகில் கிளறினேன். பாலைச் சுண்டக் காய்ச்சி, வறுத்த சேமியாவைப் போட்டு, ஆறின பிறகு பாகு ஊற்றினேன். சூட்டில் ஊற்றினால் திரிந்துவிடுமோ என்று பயம். அதை அவர்கள் பெருநாளுக்குச் செய்வார்களாம். கடைசியாக ஐயாவின் ஊர் புட்டிங். கிண்ணத்தில் கேக் மாவு, அதன் தலையில் கொதிக்கக் கொதிக்கப் பாகும் க்ரீமும். கரண்ட் அடுப்பில் வைத்தால் மாவு மேலே எழும்பும், பாகு கீழே போய்ச் சேரும். நான் அதில் ஏலக்காய் தட்டிப் போட்டேன், அந்த அம்மாவுக்காக.

"அதுக்குப் பேரு வேலையில்லாதவன் புட்டிங், பப்பா" என்று மகள் கூடத்தைப் பார்த்துச் சொன்னாள்.

"பேரப் பாரு" என்று பேப்பருக்குப் பின்னாலிருந்து சத்தம் மட்டும் வந்தது.

மத்தியானம் சாப்பிட்டுக் கை கழுவ வந்தவர் அடுப்படி வாசலில் நின்றுவிட்டார். மேசையில் மூடி வைத்த ஒவ்வொன்றையும் திறந்து திறந்து பார்த்தார். "அவங்க ஊர் தீனிய அவங்களுக்கே போடுறதுக்கு அவங்க எதுக்கு இங்க வரணும்? நம்ம வீட்டுது ஒண்ணும் இல்லியா?"

"நம்ம வீட்டுது சோறு. அதத்தான் கிடையாதுன்னுட்டீங்களே" என்றேன்.

அவர் அலமாரி மேல் தட்டில் இருந்த பீங்கான் ஜாடியை ஒரு தடவை பார்த்துவிட்டுப் போனார். அவர் எப்போதும் அதைப் பார்த்துவிட்டுத்தான் போவார், அதனால் நான் கவனிக்கவில்லை. என் சமையல் எதிலும் கை வைக்காத மனிதருக்கு அந்த ஜாடி மட்டும் சொந்தப் பொறுப்பு. உலர் திராட்சை, செர்ரி, இஞ்சி முரப்பா, ஆரஞ்சுத் தோல் எல்லாவற்றையும் ஈஸ்டர் பாஸ்கா கழிந்ததும் வாங்கி வந்து, தானே பொடியாக நறுக்கி, ரம் ஊற்றித் துணி கட்டி ஏற்றிவிடுவார். கிறிஸ்துமஸ் கேக்குக்கு இறங்கினால் உண்டு. மகளின் புதுநன்மைக்கு, அவள் முதல் நற்கருணை வாங்கின நாளுக்கு, கேக் போட ஒரு கை கேட்டேன், அதற்கே இறக்கவில்லை.

புட்டிங்கைக் கரண்ட் அடுப்பில் வைத்துக் கொஞ்ச நேரம்கூட ஆகவில்லை, கரண்ட் போய்விட்டது. காற்றாடி நின்றது. எங்கள் உப்பளம் பக்கத்துப் புழுக்கம் அப்படியே வீட்டுக்குள் இறங்கி உட்கார்ந்தது. டின்னில் மிச்சம் இருந்த பாகு முழுவதும் அந்தக் கிண்ணத்தில் இருக்கிறது. மாவு எழும்பவும் இல்லை, எழும்பாமலும் இல்லை. எனக்கு அழுகை வந்துவிட்டது. மகள்தான் சொன்னாள், "பேக்கரிக்குத் தூக்கிட்டுப் போயிடலாம், வாம்மா."

டிசம்பரில் தெரு முழுவதும் கேக் மாவைத் தூக்கிக்கொண்டு போய் நிற்குமே, அந்த விறகடுப்புப் பேக்கரி. அவள் ஸ்கூட்டியை ஓட்ட, நான் பின்னால் சுடச்சுடக் கிண்ணத்தை மடியில் துண்டோடு பிடித்துக்கொண்டு உட்கார்ந்தேன். வேகத்தடை ஒவ்வொன்றிலும் ஏசுவே, மாதாவே என்று கூப்பிட்டேன். ரொட்டி சுட்டு முடித்துத் தணிந்துகொண்டிருந்த அடுப்பில் பேக்கரிக்காரர் கிண்ணத்தைத் தள்ளி வைத்தார். நாங்கள் வாசலில் நின்றோம்.

"பப்பா உங்கிட்ட எதாச்சும் சொன்னாரா?" என்று கேட்டாள்.

"ஒண்ணும் சொல்லல."

"எனக்குப் பயமா இருக்கும்மா. நான் சும்மா சொல்லல, ஆனா எனக்குப் பயமா இருக்கு." இந்தத் தடவை கரண்ட் பில் குரல் இல்லை. நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். எனக்கும் பயம்தான். பெற்ற பிள்ளை இனி வராமலே போய்விடுவாளோ என்று. அவருடைய வீம்பையும் நினைத்தேன், இவளுடைய வீம்பையும் நினைத்தேன், இரண்டுக்கும் நடுவில் நான் ஒரு கிண்ணம் புட்டிங்கை வைத்துக்கொண்டு நிற்கிறேன்.

புட்டிங் நன்றாகவே எழும்பி வந்தது. திரும்பி வந்தால் எங்கள் வாசலில் ஒரு வாடகைக் கார். நாலு மணிக்கு என்று சொன்னவர்கள் முன்னாலேயே வந்துவிட்டார்கள்.

கூடத்தில் என் கணவரும் அந்த ஐயாவும் எதிரெதிரே உட்கார்ந்து பிரெஞ்சு பேசிக்கொண்டிருந்தார்கள். என் கணவருடையது பள்ளிக்கூடத்துப் புத்தகப் பிரெஞ்சு, அவருடையது வயல்காட்டுப் பிரெஞ்சு. ஒருவர் பேசியது மற்றவருக்குப் பாதி புரியவில்லை என்பது முகத்திலேயே தெரிந்தது. இரண்டு பேரும் தலையை மட்டும் ஆட்டிக்கொண்டிருந்தார்கள். அந்த அம்மா சின்ன உருவம், நரைத்த தலையில் மெல்லிய துப்பட்டா, மடியில் கல்கத்தாவில் வாங்கிய சந்தேஷ் இனிப்பு டப்பா. என்னைப் பார்த்ததும் எழுந்து என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். என் கைகளில் பேக்கரிக் கரி ஒட்டியிருந்தது.

"நீ போய் எடுத்து வை, நான் டீ போட்டுட்டு வரேன்" என்று மகளிடம் சொல்லிவிட்டு ஓடினேன். கரண்ட் வந்துவிட்டது. பியாஜுவை எண்ணெயில் போட்டு எடுத்தேன். பால் வற்ற வற்றக் காய்ச்சின கெட்டி டீயை ஆற்றி ஊற்றினேன். கூடத்தில் மகளின் குரலும் ஐயாவின் சிரிப்பும் கேட்டன. என் கணவரின் குரல் கேட்கவில்லை.

டீத்தட்டோடு கூடத்துக்கு வந்தபோது சேமியாக் கிண்ணங்கள் எல்லோர் கையிலும் இருந்தன. ஐயா பாதிக்குமேல் தின்றுவிட்டு முகமெல்லாம் மலர்ந்து உட்கார்ந்திருந்தார். அந்த அம்மா கரண்டியை உதட்டுப் பக்கம் கொண்டுபோய்க்கொண்டிருந்தார். கரண்டியில், வெள்ளைப் பாலுக்கு நடுவே, கறுப்பாக உப்பிப்போன ஒரு திராட்சை.

நான் சேமியாவில் திராட்சை போடவே இல்லை. வீட்டில் திராட்சை தீர்ந்து வாரம் ஆகிறது. வீட்டில் திராட்சை இருக்கிற இடம் ஒன்றே ஒன்றுதான்.

டீத்தட்டை எங்கே வைத்தேன் என்று தெரியாது. பாய்ந்து போய் அந்த அம்மாவின் கையிலிருந்து கரண்டியைப் பிடுங்கினேன், கிண்ணத்தையும் பிடுங்கினேன். பால் அவர் உடுப்பிலெல்லாம் தெறித்தது. வந்த விருந்தாளி வாய்க்குப் போகிற சாப்பாட்டைப் பிடுங்கிய ஒரே ஆள் இந்த ஊரிலேயே நானாகத்தான் இருப்பேன். 

"என்னம்மா பண்ற?" என்றாள் மகள்.

"இது ஜாடிப் பழம்டி. ரம்மு" என்றேன்.

 மெதுவாக அவள் அப்பாவின் பக்கம் திரும்பினாள். வந்தவர்களுக்குத் தமிழ் தெரியாது என்பதால் உதட்டில் சிரிப்பை ஒட்டவைத்துக்கொண்டே கேட்டாள். "வேணும்னே பண்ணீங்களா பப்பா? பிடிக்கலன்னா வாயால சொல்லியிருக்கலாமே."

அதையேதான் நானும் நினைத்தேன். மறைக்க என்ன இருக்கிறது, அந்த நிமிஷம் என் புருஷனை நான் வெறுத்தேன். நாங்கள் பேக்கரிக்குப் போன நேரத்தில் எழுந்து வந்து, ஸ்டூல் போட்டு ஏறி, ஜாடியை இறக்கியிருக்கிறார். தொழுகிற பெண்பிள்ளை வருகிறாள் என்று தெரிந்தே செய்திருக்கிறார். இவரோடு இத்தனை வருஷம் குடித்தனம் செய்தேனே என்று நெஞ்சு எரிந்தது.

அவர் எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். "ரம்மா?" என்றார். "அது கேக்குப் பழம்."

"எதுல ஊறின பழம்?" என்று நான் பல்லைக் கடித்தேன்.

அப்போதுதான் அவருக்கு உறைத்தது. பார்க்கப் பாவமாக இருந்தது. கை தானாக வாய்க்குப் போனது. எங்களவர்களுக்கு ரம் என்றால் புட்டியில் இருப்பது, கடையில் விற்பது. கேக்குக்குள் போய்விட்டால் அது பெருநாள். அதைச் சாராயம் என்று எங்கள் வீட்டில் ஒருவரும் ஒரு நாளும் நினைத்தது கிடையாது.

"மாதா சத்தியமா எனக்கு அது தோணவேயில்ல" என்றார்.  "மேசையப் பாத்தேன். எல்லாம் அவங்களுது. அந்தச் சேமியா வெள்ளையா மொட்டையா இருந்துச்சு. நம்ம பொண்ணக் குடுக்கிறோம், நம்ம வீட்டுதுன்னு அதுல ஒண்ணு இருக்க வேணாமா? அதான் ஒரு பிடி அள்ளிப் போட்டேன்."

நம்ம பொண்ணக் குடுக்கிறோம் என்றார். அதைச் சொன்னது அவருக்கே தெரிந்ததோ இல்லையோ. மகள் அப்படியே நின்றாள். புதுநன்மைக்குக்கூட இறங்காத ஜாடி அது.

ஆனால் பால் தெறித்த உடுப்போடு அந்த அம்மா எங்களையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். எனக்குத் தெரிந்த இங்கிலீஷில், பழத்தில் ரம் இருக்கிறது, என் வீட்டுக்காரருக்கு யோசனை இல்லாமல் போய்விட்டது, மன்னித்துக்கொள்ளுங்கள் என்று தட்டுத் தடுமாறிச் சொன்னேன். மிச்சத்தை மகள் பிரெஞ்சில் சொன்னாள்.  இப்போது அவர்கள் எழுந்து போய்விட்டால் யாரைக் குற்றம் சொல்வது?

அந்த அம்மா என் மணிக்கட்டைப் பிடித்தார். பிறகு மகளிடம் மெதுவாக, நிறுத்தி நிறுத்திப் பேசினார். மகள் எங்களுக்குத் தமிழில் சொன்னாள். கல்யாணமாகிப் போன முதல் கிறிஸ்துமஸில் மாமியார் வீட்டில் ஒரு கறி அடை கொடுத்தார்களாம். பாதி தின்ற பிறகுதான் பன்றி என்று தெரிந்ததாம். மேசையைச் சுற்றி இருந்த அத்தனை பேருக்கும் அது தெரியுமாம்.

"அன்னைக்கு என் கையிலேர்ந்து யாரும் பிடுங்கல" என்று முடித்தாள் மகள்.

ஐயா தலையைக் குனிந்துகொண்டார். அவரும் அந்த மேசையில் இருந்திருப்பார். அந்த அம்மா அவர் முழங்காலில் லேசாகத் தட்டினார். அது பழைய கதை என்பது போலத்தான் இருந்தது அந்தத் தட்டு. தன் கிண்ணத்தையும் என் கையிலிருந்து வாங்கி அவர் முன்னால் வைத்தார். அவர் மறுக்கவில்லை.

பிறகு அந்த அம்மா நேராக என் கணவரைப் பார்த்தார். பிரெஞ்சில், அவருக்குப் புரியும்படி ஒவ்வொரு வார்த்தையாகக் கேட்டார். எனக்கே புரிந்தது. உங்கள் வீட்டுப் பழம் எனக்கு ஆகாது, உங்கள் வீட்டுச் சாப்பாடு வேறு என்ன இருக்கிறது?

வீட்டில் இருந்தது ஒன்றுதான். மத்தியானம் வீராம்பட்டினத்து மீன்காரி கொடுத்த சங்கராவில் வைத்த குழம்பு, சட்டியில் பாதி. பானையில் சோறு. எங்களுக்கு ராத்திரிக்கு என்று வைத்தது.   பாட்டிசாப்டாவும் பியாஜுவும் புட்டிங்கும் மேசையில் ஆறிக்கொண்டிருந்தன. நாங்கள் இரண்டு பேரும் அவரையே பார்த்தோம்.

அவர் துண்டால் முகத்தைத் துடைத்தார். எழுந்து நின்றார். உட்கார்ந்தார். மறுபடி எழுந்தார்.

"மீன் குழம்பு இருக்குதுல்ல? சோறு போடு" என்றார்.

அந்தச் சோற்றுக்கு என்ன அர்த்தம் என்று அந்த அம்மாவுக்குத் தெரியாது. மீன் என்று மகள் சொன்னதுமே அவர் முகம் மலர்ந்துவிட்டது. ஆற்றங்கரையில் பிறந்தவர், கியூபெக் குளிரில் உட்கார்ந்து எத்தனை நாள் அதற்கு ஏங்கினாரோ. கை கழுவ எங்கே என்று சைகையில் கேட்டார். என் கணவர் முன்னால் நடந்து கொல்லைக் குழாய்க்குக் கூட்டிக்கொண்டு போனார். குழாயில் தண்ணீர் வரவில்லை. தொட்டியிலிருந்து சொம்பில் மொண்டு, குனிந்து, அந்த அம்மாவின் கையில் தானே ஊற்றினார்.

நான் அடுப்படிக்குள் வந்தேன். மகள் எனக்கு முன்னாலேயே வந்து, சோற்றுப் பானையைத் திறந்து வைத்துக்கொண்டு, கரண்டியைப் பிடித்தபடி தேம்பித் தேம்பி அழுதுகொண்டிருந்தாள். எனக்கும் கண்ணை மறைத்தது.

"அப்புறமா அழுவலாம். அவங்க கைய கழுவிட்டாங்க, போய்ப் போடுடி" என்றேன்.